கைதியாக வந்தவர் கோட்டை கட்டினார்!

சினிமாவில் அரண்மனையைப் பார்க்கிறோம். ராஜாவாக நடித்தவரைப் பாராட்டுகிறோம். அரண்மனையைக் கட்டியவரை நினைப்பதுண்டா?

அப்படிக் கட்டியவர்களில் ஒருவர் எவ்ஜெனி எனேய். சோவியத் படவுலகின் ஆரம்பகால ஆர்ட் டைரக்டர்.

ஆனால் அவர் ரஷியர் அல்ல, ஹங்கேரியர்! பிறந்தது 1890-ல். முதல் உலகப் போரில் ரஷியர்களிடம் கைதியாகச் சிக்கினார். போர் முடிந்தும் அவர் ரஷியாவிலேயே தங்கிவிட்டார். அங்கே அவருக்குக் கைகொடுத்தது, கற்ற ஓவியம்தான்.

1926-ல் வெளிவந்த படம் "மேலங்கி". வயிற்றைக் கட்டிக் காசு சேர்த்துத் தைத்த கோட்டைத் திருடர்களிடம் பறிகொடுக்கும் ஏழைக் குமாஸ்தாவின் கதை. பெரிய பெரிய கட்டடங்களுக்கும் சிலைகளுக்கும் கீழே குமாஸ்தா எறும்பு போலத் தெரிவான். அது ஊமைப் படம். ஆனாலும் ஏழையின் நிலையைக் கட்டடங்களே சொல்லிவிட்டன!

அந்தப் படத்தை எடுத்த இருவரில் ஒருவர் கோசின்ட்சேவ். அப்போது அவருக்கு வயது 21, எனேய்க்கு 36. அந்த நட்பு 45 ஆண்டுகள் நீடித்தது.

1957-ல் "டான் குயிக்ஸோட்" எடுத்தார்கள். கிரிமியா, ஸ்பெயின் நாடாக மாறியது! 1964-ல் "ஹாம்லெட்". எஸ்டோனியாவின் கடற்கரையில் டென்மார்க் கோட்டை எழுந்தது!

1971-ல் "லியர் அரசன்" வெளிவந்தது. அதே ஆண்டில் எனேய் காலமானார்.

படம் முடிந்தால் செட்டைப் பிரித்துவிடுவார்கள். மிஞ்சுவது திரையில் ஓடும் பெயர் மட்டுமே. அடுத்த முறை அதை எழுத்துக் கூட்டியாவது படியுங்கள்!