தேனிக்கு ஓட்டுக் கேட்டு வந்த எஸ்.எஸ்.ஆர்.

'சாரதா' படம் பார்த்துவிட்டு மாட்டு வண்டியில் வீடு திரும்பிக்கொண்டிருந்தோம். வண்டியில் இருந்த பெண்கள் எல்லோரும் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டிருக்க, எங்கள் சித்தி மட்டும் அழவே இல்லை. வாய்க்கால் பாலம் தாண்டும்போது திடீரென்று கேட்டாள்: "அது சரி, அவளை என்னத்துக்குச் சாகடிச்சாக?"

யாரும் பதில் சொல்லவில்லை. அம்மாச்சி மட்டும், "சினிமாதானேடி, பேசாம வா" என்றாள்.

அப்போது எனக்கு எட்டு வயசு. சின்னமனூர் பக்கத்தில் எங்கள் ஊர். முல்லைப் பெரியாற்றுத் தண்ணீர் பாய்கிற வயல்களுக்கு நடுவே டூரிங் கொட்டகை போட்டிருந்தார்கள். தரை டிக்கெட் வாங்கினால், மணலைக் குவித்து மேடாக்கி உட்கார்ந்துகொள்ளலாம். பட்டணத்தில் ஓடி முடித்த படம் எங்களிடம் வந்து சேர ஒரு வருஷம்கூட ஆகும். அம்மாச்சியும் சித்தியும் இருந்தது தேனி அல்லிநகரத்தில். நல்ல படம் வந்திருக்கிறது என்று அம்மா சொல்லி அனுப்பினால், இரண்டு பேரும் வந்து நாலு நாள் தங்கிவிட்டுப் போவார்கள்.

சித்திக்குக் கல்யாணம் ஆகி இரண்டு வருஷத்திலேயே சித்தப்பா விஷக்காய்ச்சலில் போய்விட்டார். சித்திக்கு அப்போது இருபத்திரண்டு வயசு. குழந்தை இல்லை. அந்தக் காலத்தில் எங்கள் வீட்டில் அதற்குப் பிறகு பேச எதுவும் இருக்கவில்லை. விசேஷ வீடுகளில் சித்தி சமையல்கட்டோடு நின்றுவிடுவாள். வெளியே தலைகாட்ட அவளுக்குக் கிடைத்த இடம் கோயிலும் சினிமாக் கொட்டகையும்தான். அதனால்தானோ என்னவோ, படத்தை அவள் பார்க்கிற விதமே வேறு.

அவளுக்குப் பிடித்த நடிகர் எஸ்.எஸ்.ராஜேந்திரன். "நம்ம பக்கத்து ஆளு" என்று பெருமையாகச் சொல்லுவாள். பொய்யில்லை. ஆண்டிபட்டிக் கணவாயைத் தாண்டி, உசிலம்பட்டிக்குத் தெற்கே போனால் சேடபட்டி. 1928இல் அங்கே பிறந்தவர் அவர். சின்ன வயசிலேயே நாடகத்துக்கு வந்து, டி.கே.எஸ். சகோதரர்களின் குழுவில் நடித்தார். சங்கரதாஸ் சுவாமிகளிடம் பாடம் படித்தவர்கள் அந்தச் சகோதரர்கள்.

பாய்ஸ் கம்பெனி வாழ்க்கையை நம் பிள்ளைகளுக்குச் சொன்னால் நம்பமாட்டார்கள். பத்து வயசுப் பையன்களை வீட்டைவிட்டுப் பிரித்து ஊர் ஊராகக் கூட்டிப் போவார்கள். எல்லோருக்கும் ஒரே சமையல், ஒரே கூடத்தில் படுக்கை. விடிவதற்குள் எழுப்பிப் பாட்டுப் பாடம். அப்புறம் வசனத்தை வரி பிசகாமல் ஒப்பிக்க வேண்டும். பெண் வேஷமும் பையன்களே போடுவார்கள். மகரக்கட்டு உடைகிற வயசு வந்தால் வேஷம் போய்விடுமே என்ற பயம் வேறு. ஒரு தாயாக நினைத்துப் பார்த்தால் வயிறு கலங்குகிறது. ஆனால் கடைசி வரிசைக்காரனுக்கும் எழுத்து எழுத்தாகக் கேட்கிற மாதிரி பேசுகிற அந்தக் குரல் அங்கேதான் விளைந்தது. ல, ள, ழ மூன்றும் மூன்றாகக் கேட்கும் அவர் பேச்சில். பள்ளிக்கூடம் போகாத எங்கள் சித்தி 'வாழைப்பழம்' என்று அத்தனை சுத்தமாகச் சொல்லுவாள் என்றால், அது அவரிடம் படித்ததுதான்!

1952இல் வந்த 'பராசக்தி'யில்தான் ஊர் உலகம் அவரை அறிந்தது. சிவாஜி கணேசனுக்கு அது முதல் படம்; எல்லோரும் அவரைப் பற்றித்தான் பேசினார்கள், பேசத்தான் வேண்டும். சித்தி பார்த்தது இன்னொரு அண்ணனை. யுத்தத்தில் ரங்கூனிலிருந்து தப்பி வருகிற வழியில் ஒரு காலை இழந்து, பிச்சைக்காரர்களோடு பிச்சைக்காரனாகி, அவர்களுக்கே ஒரு சங்கம் சேர்க்கிறாரே, அந்த ஞானசேகரன்தான் எஸ்.எஸ்.ஆர். தங்கை கல்யாணியோ கைக்குழந்தையோடு தாலி இழந்து நிற்கிறவள்.

அதற்கப்புறம் வந்த படங்களை வரிசையாக நினைத்துப் பாருங்கள். 'ரங்கோன் ராதா' (1956) அண்ணா எழுதிய கதை. மனைவியைப் பைத்தியம் என்று சொல்லி அடைத்துவைத்து, அவள் தங்கையைக் கட்டிக்கொள்ளத் திட்டம் போடுகிற கணவன் சிவாஜி. பானுமதியின் வளர்ந்த மகன் எஸ்.எஸ்.ஆர். 'ரத்தக்கண்ணீர்' (1954) எம்.ஆர்.ராதாவின் படம், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் கடைசியில் அந்த மோகன், தான் பாழடித்த மனைவியைத் தன் நண்பன் பாலுவிடம் ஒப்படைத்து, "நீ இவளைக் கல்யாணம் செய்துகொள்" என்று கேட்கிறான். அந்தப் பாலு, நம் எஸ்.எஸ்.ஆர். (இடையில் ஒரு வார்த்தை: அந்தப் படத்தில் குஷ்டம் பாவத்தின் சம்பளம் மாதிரி வருகிறது. அது கிருமியால் வருகிற நோய். கூட்டு மருந்துச் சிகிச்சையில் ஆறு மாதமோ ஒரு வருஷமோ மாத்திரை சாப்பிட்டால் முழுக்கக் குணமாகும். உணர்ச்சியில்லாத தேமலைக் குழந்தை உடம்பில் கண்டால், ஒளித்துவைக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள்.)

அண்ணன், மகன், இரண்டாவது கணவன்... கதையில் கஷ்டப்படுகிறவள் ஒரு பெண்ணாக இருப்பாள். அவள் பக்கத்தில் நிற்கிறவராக இவர் இருப்பார். சித்தி இதை இப்படியெல்லாம் பிரித்துச் சொன்னதில்லை. "அந்தாளு நின்னா நமக்கு ஒரு தைரியம்" என்பாள், அவ்வளவுதான்.

1962 பிப்ரவரியில் பொதுத்தேர்தல் வந்தது. தி.மு.க. சார்பில் தேனியில் உதயசூரியன் சின்னத்தில் நின்றார் எஸ்.எஸ்.ஆர். பகுத்தறிவுக் கொள்கைக்காகப் புராணப் படங்களில் நடிக்கவே மாட்டேன் என்று இருந்தவர். 'இலட்சிய நடிகர்' என்ற பட்டம் அப்படி ஒட்டிக்கொண்டது. எங்கள் அம்மாச்சி நெற்றி நிறையத் திருநீறு பூசுகிறவள். வீரபாண்டி கௌமாரியம்மன் திருவிழாவுக்கு வருஷா வருஷம் அக்கினிச்சட்டி எடுத்தவள். "சாமி இல்லைங்கிற ஆளுக்கா ஓட்டு?" என்று தாத்தா கேட்டதற்கு, "அவரு கும்பிட்டா என்ன, கும்பிடாட்டி என்ன? சாமிக்கு நாம இருக்கோம்ல" என்றாளாம். ஓட்டு வண்டி அல்லிநகரம் தெருவுக்குள் வந்தபோது, திண்ணையில் நிற்காத பெண்ணே இல்லை. சித்தியும் நின்றாள். தாலியறுத்த பிறகு அவள் தெருவாசலில் வந்து நின்றது அன்றைக்குத்தான் என்று அம்மா சொல்லுவாள்.

ஜெயித்தார். இந்தியாவிலேயே சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் சினிமா நடிகர் என்று அவரைத்தான் சொல்கிறார்கள். அந்தத் தேர்தலில் காஞ்சிபுரத்தில் அண்ணாவே தோற்றுப்போனார், எம்.ஜி.ஆர். சட்டமன்றத் தேர்தலில் நின்றது 1967இல்தான். பின்னால் 1970 முதல் 1976 வரை மாநிலங்களவையிலும், 1980இல் அ.தி.மு.க. சார்பில் ஆண்டிபட்டியில் வென்று சட்டமன்றத்திலும் இருந்தார். அதே ஆண்டிபட்டியில்தான் 1984இல் எம்.ஜி.ஆர். அமெரிக்க ஆஸ்பத்திரியில் படுத்தபடியே வென்றார். எங்கள் பக்கத்து ஜனங்களுக்கு நடிகர்கள்மேல் இருக்கிற பாசம் கொஞ்சம் அதிகம்தான்!

எஸ்.எஸ்.ஆர். தேனியில் ஜெயித்த அதே 1962இல்தான் 'சாரதா'வும் வந்தது. கே.எஸ்.கோபாலகிருஷ்ணன் இயக்கிய முதல் படம். ஆசையாக மணந்துகொண்ட மனைவி. விபத்தில் தாம்பத்தியத்துக்கு லாயக்கில்லாமல் போய்விடுகிற கணவர், அவளுக்கு மறுமணம் செய்துவைக்கத் துணிகிறார். நினைத்துப் பாருங்கள், கதாநாயகன் வேஷம் போடுகிற எத்தனை பேர் அந்தப் பாத்திரத்தை ஒப்புக்கொள்வார்கள்? மனைவியாக விஜயகுமாரி. ஆனால் மறுமணத்தை ஏற்க முடியாமல் சாரதாவின் உயிர் போய்விடுகிறது. கொட்டகையே விம்மியது. சித்தி கேட்ட கேள்வி அதற்குத்தான். 'ரத்தக்கண்ணீ'ரில் வாழவைத்த கதையைச் சொன்னவர்கள், எட்டு வருஷம் கழித்து அதே மறுமணத்தைப் பேசவந்து பெண்ணைக் கொன்றுவிட்டார்களே! அவளுக்கு அது ஏமாற்றமாகத்தான் இருந்திருக்கிறது.

1964இல் 'பூம்புகார்'. புராணத்தைத் தொடாதவர் கோவலனாக வந்தார், அது தமிழ்க் காப்பியம் என்பதால். கண்ணகி விஜயகுமாரி, கவுந்தியடிகள் கே.பி.சுந்தராம்பாள். எங்கள் பள்ளத்தாக்கில் கண்ணகி என்றால் கதை இல்லை. கூடலூருக்கு மேலே மங்கலதேவி மலையில் அவளுக்குக் கோயில் உண்டு. சித்ரா பௌர்ணமிக்குப் பளியன்குடி வழியாகப் பெண்கள் மலையேறிப் போவார்கள். ஆகவே கோவலன் மாதவி வீட்டுப் படியேறியபோது, எங்கள் தெருப் பெண்கள் தங்கள் எம்.எல்.ஏ. என்றும் பார்க்காமல் வாய்விட்டே திட்டினார்கள்.

திரையில் ஜோடியாக நடித்த விஜயகுமாரியை நிஜத்திலும் மணந்தார். பிறகு இருவரும் பிரிந்தார்கள். அதற்குமேல் அடுத்த வீட்டுச் சங்கதி நமக்கு எதற்கு? ஆனால் இன்னொன்றைச் சொல்லவேண்டும். சினிமாவில் உச்சத்தில் இருந்தபோதும் நாடகத்தை அவர் விடவில்லை. எஸ்.எஸ்.ஆர். நாடக மன்றத்தின் 'மணிமகுடம்' மேடையில் நடித்தவர்தான் நம் மனோரமா ஆச்சி.

சித்தியின் கதையை முடிக்காமல் விட்டால் கோபித்துக்கொள்வீர்கள். கைம்பெண் மறுமணத்துக்கு 1856லேயே சட்டம் வந்துவிட்டது. ஆனால் அது எங்கள் வீட்டுப் படியேற நூற்றுப்பன்னிரண்டு வருஷம் பிடித்தது! சுயமரியாதைத் திருமணத்துக்கு அண்ணா அரசு 1967இல் சட்டம் கொண்டுவந்தது. மறு வருஷம், போடியில் ஏலக்காய்க் கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்த ஒருவர், தாமே வந்து சித்தியைக் கேட்டார். சித்திக்கு முப்பது வயசு. தாத்தா வாயே திறக்கவில்லை. அம்மாச்சிதான் யோசித்து யோசித்துக் கடைசியில், "சினிமாவுல செத்தவ சாகட்டும். எம்மக இருக்கட்டும்" என்றாள். இரண்டு மாலை, பத்துப் பேர், கேசரி, காப்பி. அவ்வளவுதான் கல்யாணம். சொந்தத்தில் பாதிப் பேர் வரவில்லை. சிலர் மூன்று வருஷம் பேசவில்லை. சித்திக்கு இரண்டு பெண்கள் பிறந்தார்கள். சினிமாதான் இதைச் செய்தது என்று நான் சொல்லமாட்டேன். அம்மாச்சியின் மனசில் எது எப்போது இளகியது என்று யாருக்குத் தெரியும்?

2014 அக்டோபர் 24ஆம் தேதி, எண்பத்தாறாவது வயதில், எஸ்.எஸ்.ஆர். சென்னையில் காலமானார். அன்று நான் போடியில் சித்தி வீட்டில் இருந்தேன். டி.வி.யில் பழைய படக்காட்சிகளைப் போட்டுக்கொண்டே இருந்தார்கள். 'சாரதா' வந்ததும் சித்தி, "இது வேண்டாம், மாத்து" என்றாள். மாற்றினேன். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தவள், "மணி எட்டாச்சே" என்று எழுந்து, சித்தப்பாவுக்கு மாத்திரையும் வெந்நீரும் எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.