மேடைக்காரர்களும் மூன்று கேமராவும்

தொலைக்காட்சி நாடகம் பிறந்தபோது அதைத் தாங்கியவர்கள் மேடை நடிகர்கள். சினிமாவில் வெட்டி ஒட்டலாம். அன்றைய டிவி நாடகமோ பெரும்பாலும் நடக்கும்போதே ஒளிபரப்பானது. முழு வசனமும் மனப்பாடமாக, இடையில் நிற்காமல் நடிக்கப் பழகியவர்கள் அவர்கள்தான்.

ஸ்டூடியோவில் இரண்டு மூன்று செட்டுகள் பக்கம் பக்கமாக இருக்கும். எந்தக் கேமராவில் சிவப்பு விளக்கு எரிகிறதோ, அதன் படம்தான் வீடுகளுக்குப் போகும். கட்டுப்பாட்டு அறையில் இயக்குநர் சொல்லச் சொல்ல, ஒருவர் பொத்தானை அழுத்திக் கேமராவை மாற்றுவார். நடிகர் தரையில் குறித்த இடத்தில் நிற்க வேண்டும். தள்ளி நின்றால் முகம் மங்கிவிடும். காட்சி முடிந்ததும் கேபிள்களைத் தாண்டிச் சத்தமில்லாமல் ஓடி, சட்டை மாற்றி, மூச்சிரைப்பு தெரியாமல் அடுத்த செட்டில் உட்கார வேண்டும்.

1958 நவம்பர் 30 அன்று பிரிட்டனில் 'அண்டர்கிரவுண்ட்' நாடகம் நேரலையாகப் போய்க்கொண்டிருந்தது. நடுவில் காட்சிகளுக்கிடையே நடிகர் கேரத் ஜோன்ஸ் சரிந்து விழுந்து இறந்துபோனார். அவர் பேச வேண்டியதைத் தங்களுக்குள் பங்கிட்டுக்கொண்டு, மற்றவர்கள் நாடகத்தை முடித்தார்கள். அந்த மன உறுதியை இன்றும் வியக்கிறேன்.

சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. சபா நாடகக் குழுக்கள் அங்கே வந்தன. கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகிய குரலை, தலைக்கு மேலே தொங்கும் மைக்குக்காகத் தணிக்க வேண்டியிருந்தது. குளோசப்பில் புருவம் சற்று உயர்ந்தாலே போதும்; மேடை அசைவோ மிகையாகத் தெரியும். நகைச்சுவைக்காரர்களுக்குத்தான் பெரும் சோதனை. சபாவில் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்து அடுத்த வரியை எடுப்பார்கள். ஸ்டூடியோவில் சிரிக்க ஆளில்லை. இடைவெளியைத் தாங்களே மனத்துக்குள் அளந்துகொள்ள வேண்டும். என் கணிப்பில், அந்தக் கலையின் மிகக் கடினமான பாடம் இதுதான்.

இவர்களில் பலருக்கு நாடகம் மாலை வேலை. பூர்ணம் விஸ்வநாதன் அகில இந்திய வானொலியில் செய்தி வாசித்தவர். டெல்லி கணேஷ் விமானப் படையில் இருந்தவர். பூர்ணம் மேடையேற்றிய நாடகங்களை எழுதிய சுஜாதா, பெங்களூரு பாரத் எலெக்ட்ரானிக்ஸில் பொறியாளர். அலுவலகம், ஒத்திகை, மேடை என்று ஓடிய வாழ்க்கை அது.

நேரலையில் போன நாடகங்கள் பலவற்றுக்குப் பதிவே இல்லை. உங்கள் வீட்டுப் பெரியவர் யாராவது அந்நாளில் மேடையிலோ ஸ்டூடியோவிலோ நடித்திருந்தால், அவர் சொல்வதை இந்த வாரமே செல்போனில் பதிவுசெய்து வையுங்கள்.