அலர்மேல்மங்கை: ஒரு திருநாமத்தின் பொருளும் வழக்கும்

செய்யாற்றின் கரையிலுள்ள கலசப்பாக்கத்திலும், பட்டு நெசவுக்குப் பெயர்பெற்ற ஆரணியிலும், அவற்றைச் சூழ்ந்த தொண்டைநாட்டு ஊர்களிலும் திருவேங்கடமுடையானைக் குலதெய்வமாகக் கொண்ட குடும்பங்கள் பல உள்ளன. புரட்டாசிச் சனிக்கிழமைகளில் திருமண் தரித்துத் தளிகையிடும் அக்குடும்பங்களில், ஓரிரு தலைமுறைக்கு முன்வரை, பெண்மகவு பிறந்தால் இடும் பெயர்களுள் முதன்மையாக நின்றது ‘அலமேலு’ என்பது. அழைக்கும்போது அது ‘அலமு’ என்று மேலும் குறுகும். இன்று இப்பெயர் பாட்டியின் பெயர் என்ற அளவில் நினைக்கப்படுகிறதேயன்றி, பேத்திக்கு இடப்படுவது அருகிவிட்டது. அதற்குக் காட்டப்படும் காரணம் ‘பழைய பெயர்’ என்பதே. பெயரின் பொருள் மறந்துபோனதே உண்மையான காரணம் எனலாம். பொருள் அறிந்தவர் இதனை எளிதில் விடமாட்டார். திருவாய்மொழியிலே நம்மாழ்வார் திருவேங்கடமுடையான் திருவடிகளில் சரணம் புகும்போது முன்னிட்டுக்கொண்ட திருநாமம் இது.

சொல்லின் அமைப்பு

‘அலமேலு’ என்பதன் நிறைந்த வடிவம் ‘அலர்மேல்மங்கை’. இதில் அலர், மேல், மங்கை என மூன்று உறுப்புகள் உள்ளன.

‘அலர்’ என்பது அலர்தல் என்னும் தொழிலின் முதனிலை, அத்தொழிலையுடைய பூவுக்கு ஆகிவந்தது. பூவின் பருவங்களை அரும்பு, மொட்டு, முகை, மலர், அலர், வீ, செம்மல் என்று எண்ணும் வழக்கில், இதழ் முழுதும் விரிந்த நிலைக்கு அலர் என்று பெயர். அகத்துறை நூல்களில் ஊரார் தூற்றும் பழிச்சொல்லுக்கும் ‘அலர்’ என்ற பெயருண்டு. அப்பொருளுக்கு இங்கு இடமில்லை. பிராட்டிக்குரிய அலர் தாமரை என்பது பூமகள், மலர்மகள் முதலிய பெயர்களாலேயே விளங்கும்.

‘மேல்’ என்பது இடப்பொருள் உணர்த்தும் ஏழாம் வேற்றுமை உருபு. நன்னூலார் அவ்வேற்றுமைக்கு எண்ணிய உருபுகளுள் இதுவும் ஒன்று. ‘அலர்மேல் உறையும் மங்கை’ என்று விரிக்கவேண்டிய தொடரில் ‘உறையும்’ என்ற வினை மறைந்து நிற்கிறது. பட்டில் பாவும் ஊடையும் சேர்ந்தபின் நூலைத் தனியே காண இயலாதவாறு, இப்பெயரில் வினை கண்ணுக்குப் புலப்படாமல் பொருளைத் தாங்குகிறது.

‘மங்கை’ என்பது பெண்ணுக்குரிய ஏழு பருவங்களுள் மூன்றாவது. பேதை, பெதும்பை என்பவற்றுக்குப் பின்னும், மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண் என்பவற்றுக்கு முன்னும் நிற்பது. பாட்டியல் நூல்கள் இதனைப் பன்னிரண்டு, பதின்மூன்று வயதின் பருவம் என்னும். பிராட்டியின் திறத்தில் இச்சொல் கடந்துபோகும் ஒரு பருவத்தைக் குறிப்பதன்று. காலத்தால் மாறாத யௌவனமே இங்குப் பொருள். எண்பது வயதுப் பாட்டிக்கும் பொருந்திய பெயராக இது வழங்கியதன் நியாயம் இதுவே.

இங்கு ஓர் இலக்கணச் செய்தி கருதத்தக்கது. லகர மெய்யின்முன் மெல்லினம் வருமானால் லகரம் னகரமாகத் திரிவது புணர்ச்சி விதி. மேல் என்பதும் மக்கள் என்பதும் ‘மேன்மக்கள்’ ஆவது இவ்விதியால். அதன்படி இத்திருநாமமும் ‘அலர்மேன்மங்கை’ என்றே ஆகவேண்டும். ஆயினும் ‘அலர்மேல்மங்கை’ என்று திரியாமல் வழங்குவதே பெருவழக்கு. இரு சொற்களுக்கும் இடையே ஒரு சிறு நிறுத்தம் நாவிலும் செவியிலும் நிலைத்துவிட்டது என்பதை இது காட்டுகிறது. பிற்காலத்தில் பெயர் முறிந்ததும் அந்த நிறுத்தத்தில்தான்.

‘அலர்மேல்’ என்ற முற்பகுதி மட்டும் தனியே நின்றபோது, ‘பார்க்க’ என்பது பேச்சில் ‘பாக்க’ ஆவது போல ரகர ஒற்றுத் தேய்ந்தது. ‘பால்’ என்பது ‘பாலு’ ஆவது போல ஈற்றில் உகரம் சேர்ந்தது. இவ்வாறு ‘அலமேலு’ பிறந்தது. தெலுங்கிலும் இத்திருநாமம் ‘அலமேலுமங்க’ என்றே வழங்கும். தாள்ளப்பாக்கம் அன்னமாசார்யர் (1408–1503) தம் ஸங்கீர்த்தனங்களில் பிராட்டியைப் பாடுவது இந்தப் பெயராலேயே. தமிழ்ச்சொல் மூன்றும் ஒலி தேய்ந்தும் ஒன்றும் விடுபடாமல் தெலுங்குக் கீர்த்தனங்களில் வாழ்கின்றன. தமிழ்நாட்டு வீடுகளிலோ ‘மங்கை’ நழுவிவிட்டது. அவ்வாறு நழுவிய பகுதி மங்கை, மங்கா என்று தனிப்பெயராக வேறு பெண்களுக்கு இடப்பட்டது. ஒரு வீட்டில் அக்காள் அலமேலுவும் தங்கை மங்கையுமாக இருந்தால், ஒரே திருநாமத்தை இருவர் பகிர்ந்துகொண்டதாகும். முழுப்பெயரை இன்றும் காப்பவை ஊர்ப்பெயர்களே. திருச்சானூருக்கு அலமேலுமங்காபுரம் என்ற பெயருண்டு. சென்னை மயிலாப்பூரிலும் அப்பெயரில் ஒரு பகுதி உள்ளது.

பத்மாவதி என்னும் பெயர்

திருச்சானூரில் எழுந்தருளியிருக்கும் தாயாரைப் பத்மாவதி என்றும் அலர்மேல்மங்கை என்றும் உலகம் அழைக்கிறது. கார்த்திகை மாதத்துச் சுக்லபஞ்சமியன்று அங்குப் பத்மஸரோவரத்தில் தாமரையிலே பிராட்டி அவதரித்ததாகக் கொண்டு பஞ்சமி தீர்த்தம் நடைபெறுகிறது. இவ்விரு பெயர்களுள் ஒன்று மற்றதன் மொழிபெயர்ப்பு எனப் பலர் எண்ணுவர். அது முற்றும் சரியன்று. ‘பத்மாவதி’ என்பதற்குப் பத்மத்தை உடையவள் என்பது பொருள். அங்கே மலர் அவளுடைய உடைமை. ‘அலர்மேல்மங்கை’ என்பதில் மலர் அவளுக்கு இருப்பிடம். பத்மாலயா என்ற வடமொழித் திருநாமமும், பத்மத்தில் நிலைபெற்றவளாக அவளைத் துதிக்கும் ஸ்ரீஸூக்தமுமே இத்தமிழ்ப்பெயரின் பொருளுக்கு அணுக்கமானவை. ஆகவே, ‘பத்மாவதி என்று வைத்தாலும் அதுவே’ என்பது பக்தியில் சரி, சொற்பொருளில் சிறிது வேறுபடும்.

திருவாய்மொழியில் இத்திருநாமம்

ஆறாம் பத்தின் பத்தாம் திருவாய்மொழி திருவேங்கடமுடையானைப் பற்றியது. அதன் பத்தாம் பாசுரத்தில் ஆழ்வார் சரணம் புகுகிறார். ஐந்தாம் பத்திலும் வேறு திவ்யதேசத்து எம்பெருமான்கள் திருவடிகளில் சரணம் புக்கவர், இங்கே பிராட்டியை முன்னிட்டுக்கொண்டு புகுகிறார் என்பது இதன் தனிச்சிறப்பு. திருக்குருகைப்பிரான் பிள்ளானின் ஆறாயிரப்படி தொடங்கி, நஞ்சீயரின் ஒன்பதினாயிரப்படி, பெரியவாச்சான் பிள்ளையின் இருபத்துநாலாயிரப்படி, வடக்குத் திருவீதிப் பிள்ளையின் ஈடு முப்பத்தாறாயிரப்படி, அழகியமணவாள ஜீயரின் பன்னீராயிரப்படி என வளர்ந்த வ்யாக்யான மரபில் இப்பாசுரத்துக்குள்ள ஏற்றம் ஸ்ரீவைஷ்ணவர் அனைவரும் அறிந்தது.

பாசுரத்தின் கருத்து இது: ஒரு கணமும் பிரியமாட்டேன் என்று பிராட்டி உறைகிற திருமார்பையுடையவன், ஒப்பற்ற புகழுடையவன், மூவுலகுக்கும் உரியவன், தம்மை ஆள்பவன், வானவரும் முனிவரும் விரும்பும் திருவேங்கடத்தில் நிற்பவன், அவன் திருவடிக்கீழ் வேறு கதியற்ற தாம் புகுந்தமை. இதனைத் த்வயத்தின் பூர்வகண்டத்தோடு சேர்த்து அநுஸந்திப்பது ஸம்பிரதாயம். பிராட்டி உறையும் மார்பு என்ற இடம் ‘ஸ்ரீமத்’ என்ற பதத்தின் பொருளைத் தருகிறது. அடுத்த விளிகள் வாத்ஸல்யம், ஸ்வாமித்வம், ஸௌசீல்யம், ஸௌலப்யம் என்னும் குணங்களைக் காட்டி நாராயண சப்தத்தின் பொருளைத் தருகின்றன. திருவடியும் சரணம் புகுதலும் அதன்பின் வருகின்றன.

இன்னும் நுணுகினால், ‘ஸ்ரீ’ என்ற சொல்லின் இடத்தில் நிற்பது ‘அலர்மேல்மங்கை’ என்னும் திருநாமமே. அதனோடு சேர்ந்த ‘மதுப்’ ப்ரத்யயம் பிரியாமையாகிய நித்யயோகத்தைச் சொல்லும். பாசுரத்தில் அதனைச் சொல்வது, பிரியமாட்டேன் என்ற பிராட்டியின் வார்த்தையும் திருமார்பில் உறைதலும் ஆகும். எல்லாராலும் ஆச்ரயிக்கப்படுபவள், எம்பெருமானைத் தான் ஆச்ரயிப்பவள் என்று ஸ்ரீசப்தத்துக்கு முமுக்ஷுப்படியில் பிள்ளை லோகாசார்யர் காட்டும் இருவகைப் பொருளும் இங்கே பொருந்துகின்றன. அவள் மார்பைப் பற்றியிருக்கிறாள், ஆழ்வார் அவளை முன்னிட்டுத் திருவடியைப் பற்றுகிறார்.

பிறந்தகமும் புக்ககமும்

இங்கு ஓர் ஐயம் எழும். அவள் உறைவது திருமார்பில் என்று பாசுரமே சொல்கிறது. அவ்வாறாயின் அவளை மலரின்மேல் இருப்பவள் என்று அழைப்பது முரணாகாதோ? ஒரே தொடரில் இரண்டு இருப்பிடங்கள் எவ்வாறு பொருந்தும்?

உலகவழக்கே இதற்கு விடை தரும். பெண்ணைப் பிறந்தகத்தைக்கொண்டு அழைப்பது உண்டு. ஜானகி, வைதேஹி, மைதிலி என்ற பெயர்கள் மூன்றும் பிராட்டிக்குப் பிறந்தகத்தால் வந்தவை. அயோத்திக்குப் புகுந்தபின்னும், வனத்திலும், இலங்கையிலும் அப்பெயர்கள் அவளை விட்டு நீங்கவில்லை. அதுபோல ‘அலர்மேல்’ என்பது பிறந்தகத்தையும், ‘மார்பு’ என்பது புக்ககத்தையும் சொல்கின்றன. திருமார்பின் போக்யதையை அநுபவித்தபின், தான் பிறந்த பூவின் மென்மையும் அவளுக்கு முள்ளாய் உறுத்தும் என்று அநுபவிப்பது உரைமரபு. அலரினும் மென்மையான இடம் இல்லையென்று உலகம் நினைக்கிறது. அந்த அலரில் பிறந்தவளே அதை விட்டுவந்து, ஒரு கணமும் பிரியேன் என்கிறாள். மார்பின் இனிமைக்கு இதனினும் பெரிய சான்று வேண்டா. பிறந்தகத்தைச் சொன்னால்தான் புக்ககத்தின் பெருமை விளங்கும். ஆகவே இங்கு முரணில்லை, ஏற்றமே உண்டு.

இதனால் தெளிவாவது ஒன்று. ‘அலமேலு’ என்று மட்டும் சொல்லும்போது எஞ்சுவது ‘மலரின்மேல்’ என்ற இடமே. அவ்விடத்தில் இருப்பவள் சொல்லில் இல்லை. பிராட்டி தான் விட்டுவந்த பூ நிற்க, பிராட்டியைச் சொல்லும் ‘மங்கை’ போய்விட்டது. பெயர் குறுகியதில் இழந்தது ஓர் அசையோ ஒலியோ அன்று, பெயருக்கு உரியவளையே ஆகும்.

பெண்மகவுக்குப் பெயரிடுதல்

காசுக்கும் கரையிட்ட ஆடைக்கும் ஆசைப்பட்டுப் பிள்ளைகளுக்குப் பெயரிடுவோரை இடித்துரைத்து, எம்பெருமான் திருநாமங்களையே இடுமாறு தாய்மாரை வேண்டும் பதிகம் பெரியாழ்வார் திருமொழியின் நான்காம் பத்தில் உள்ளது. நாராயணன் பெயரைத் தாங்கிய பிள்ளையின் தாய் நரகம் புகாள் என்பது அதன் உறுதி. ஸ்ரீபாகவதத்தின் ஆறாம் ஸ்கந்தத்தில் அஜாமிளன் மகனை அழைத்ததாலேயே உய்ந்த வரலாறும் இதற்குத் துணையாகும்.

அப்பதிகத்தில் வருபவை எம்பெருமானுக்குரிய ஆண்பாற் பெயர்கள். பெண்மகவுக்கு எவ்வாறு என்ற வினாவுக்கு ஆழ்வாரின் அநுஷ்டானமே வழிகாட்டும். திருத்துழாய்ச் செடியடியில் கண்டெடுத்த மகளுக்கு அவர் இட்ட பெயர் கோதை. மாலை என்று பொருள்படும் அச்சொல், எம்பெருமானுக்கு மாலை கட்டும் தம் கைங்கர்யத்தோடு சேர்ந்தது. பெரியநம்பியின் திருமகளார் அத்துழாயின் திருநாமத்தில் துழாய் நிற்கிறது. நீர்ப்பூவின் பெயரைத் தாங்கிய குமுதவல்லி நாச்சியார், திருமங்கை மன்னனைத் திருவிலச்சினை தரிக்கவும் அடியார்க்கு அமுதளிக்கவும் செய்து ஆழ்வாராக்கிய வரலாற்றைக் குருபரம்பரை சொல்கிறது. அவர் தோன்றிய திருவெள்ளக்குளத்துத் தாயாரின் திருநாமம் அலர்மேல்மங்கை என்பதும் நினைக்கத்தக்கது. மாலையும் துளசியும் பூவும் எம்பெருமானைச் சேர்ந்தே பொருள் நிறைபவை. அவற்றைப் பெயராக இடுவது, அவனைச் சேர்ந்திருத்தலையே பெயராக இடுவதாகும். பிரிவறியாத பிராட்டியின் திருநாமத்துக்கு இது இன்னும் பொருந்தும். அவளைச் சொன்ன இடத்தில் அவன் சொல்லப்பட்டே இருக்கிறான்.

செல்லமாக அழைப்பதைக் குற்றமென்று கொள்ளவேண்டியதில்லை. வாத்ஸல்யத்தால் நாக்குழறிச் சொன்னதைப் பிராட்டி குறையாகக் கொள்ளாள். அழைப்பது அலமேலுவாகவோ அலமுவாகவோ இருக்கலாம். நாமகரணத்தன்று செவியில் ஓதும்போதும், பள்ளியில் சேர்க்கும்போதும், திருமணப் பத்திரிகையில் அச்சிடும்போதும் ‘அலர்மேல்மங்கை’ என்று நிறைத்து வழங்குவது உரியது. அந்தப் பெண்ணுக்கு வயது வந்தபின் அதன் பொருளையும், அது எப்பாசுரத்தில் நிற்கிறது என்பதையும் சொல்லிவைப்பது பெற்றோர் கடமை. பாட்டியின் பெயர் வேண்டாம் என்று ஒதுக்கும் வீடுகளில், அது ஆழ்வார் சரணம் புக்கபோது சொன்ன திருநாமம் என்பதை ஒருமுறை எடுத்துச்சொன்னால் போதும். தாய் தன் மகளை நாளும் முழுப்பெயரிட்டு அழைப்பாளாயின், அவள் அறிந்தோ அறியாமலோ த்வயத்தின் முதற்சொல்லை நாளும் சொன்னவளாகிறாள்.