அளவுகோல் யார் கையில்?

எல்லையைக் கூட்டியோ குறைத்தோ காட்டும் வரைபடம் வெளிவந்தால் உடனே கூச்சல் எழுகிறது. பொய்யான கோட்டில்தான் அரசியல் இருக்கிறது என்று நாம் நம்புகிறோம். ஆனால் அதிகாரத்துக்கு அதிகம் உழைத்தவை துல்லியமான வரைபடங்களே. 1799-இல் கம்பெனியுடனான போரில் திப்பு சுல்தான் வீழ்ந்ததும் அது மைசூரை அளக்கும் பொறுப்பைக் காலின் மெக்கென்சியிடம் ஒப்படைத்தது. அதே போரில் பங்கெடுத்த வில்லியம் லாம்டன், 1802 ஏப்ரலில் சென்னைப் பரங்கிமலை அருகே ஏழரை மைல் நீளத்துக்கு ஓர் அடிக்கோட்டை எஃகுச் சங்கிலி பிடித்து அளக்கத் தொடங்கினார். அதிலிருந்து முக்கோணம் முக்கோணமாக மேற்குக் கரை வரை போனபோது, தீபகற்பம் பழைய படங்களில் இருந்ததைவிடச் சுமார் 40 மைல் குறுகலானது என்று தெரிந்தது. (கம்பெனிக்குச் சொந்தமான மண்ணில் ஒரு பிடிகூடக் குறையவில்லை, படத்தில்தான் குறைந்தது.) குன்றுகளே இல்லாத காவிரிச் சமவெளியில் உயரமான நோக்கிடங்களாகக் கோயில் கோபுரங்கள்தான் கை கொடுத்தன. 1808-இல் தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் மேல் ஏற்றும்போது கயிறு அறுந்து, கோணம் அளக்கும் அரை டன் எடையுள்ள தியோடலைட் கருவி சேதமடைந்தது. அதற்கு ஒன்பது ஆண்டுகளுக்கு முன்பே தஞ்சை மன்னர் சரபோஜி, கோட்டையையும் அதன் சுற்றுப்புறத்தையும் தவிர மற்ற நாட்டைக் கம்பெனி ஆட்சிக்கு விட்டுக்கொடுத்திருந்தார்.

லாம்டன் தேடியது பூமியின் வடிவத்தை அல்லவா, அவரை ஏன் அரசியலில் இழுக்க வேண்டும் என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். கப்பலோடு பிடிபட்ட அவருடைய தியோடலைட்டை, போர்க்காலத்திலும் பிரெஞ்சுக்காரர்கள் சென்னைக்குத் திருப்பி அனுப்பினார்கள்; அறிவியலுக்கு அந்த மதிப்பு இருந்தது. ஆனால் அளப்பவரின் நோக்கம் வேறு, பணம் கொடுத்தவரின் நோக்கம் வேறு. கம்பெனிப் படை வழி திறந்த இடங்களில் சங்கிலியைப் பட்டப்பகலில் விரிக்க முடிந்தது. படை போகாத திபெத்தில் என்ன நடந்தது? 1865-இல் அங்கே அளக்க அனுப்பப்பட்ட இந்திய நில அளவையாளர் நயின் சிங் ராவத் மாறுவேடத்தில் போனார். 108 மணிகள் இருக்க வேண்டிய ஜபமாலையில் 100 மணிகளை வைத்துக்கொண்டு, காலடிகளை எண்ணியே தூரம் கணக்கிட்டார். தென்னிந்தியாவில் அறிவியலாக நடந்த வேலை, அங்கே ஒற்று வேலையாயிற்று.

செயற்கைக்கோளும் கைப்பேசியும் வந்தபின் இதெல்லாம் பழங்கதை என்போரும் உண்டு. ஆனால் விடுதலைக்குப் பின்னும் கடலோர, எல்லைப் பகுதிகளின் விரிவான நிலப்படத் தாள்கள் பொதுமக்களுக்கு எளிதில் கிடைக்கவில்லை. 2005-இன் தேசிய வரைபடக் கொள்கைதான் ராணுவத்துக்கு ஒரு வரிசை, மக்களுக்கு ஒரு வரிசை என்று பிரித்தது. 2021-இல் வரைபடத் தரவைத் திரட்ட இந்திய நிறுவனங்களுக்கு இருந்த முன் அனுமதித் தேவை நீங்கியது. ஒரு மீட்டரைவிட நுட்பமான தரவைத் திரட்டும் உரிமை அவற்றுக்கு மட்டுமே உண்டு. அந்நிய நிறுவனங்களுக்கு வரம்பு வைப்பதில் நியாயம் உண்டு. ஆனால் சொந்தக் குடிமக்களிடமிருந்து அவர்கள் ஊரின் நிலப்படத்தை அத்தனை ஆண்டுகள் மறைத்து வைத்ததற்கு, கம்பெனிக் காலத்துப் பழக்கத்தைத் தவிர வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை.