வெளிச்சம் விடும் கான்கிரீட்

திருநெல்வேலிக்கு வடக்கே தாழையூத்தில் இந்தியா சிமென்ட்ஸ் ஆலை 1949இல் உற்பத்தியைத் தொடங்கியது. அந்த மண்ணின் சுண்ணாம்புக்கல்லில் வந்த சிமென்ட் இந்தப் பக்கம் எத்தனையோ சுவர்களாக நிற்கிறது. எதிலும் வெளிச்சம் புகாது. கான்கிரீட்டின் குணம் அது. அந்தக் குணத்தை மாற்றிக் காட்டியவர் ஹங்கேரியக் கட்டடக் கலைஞர் ஆரோன் லொஷோன்சி. ஆண்டு 2001. தன் கண்டுபிடிப்புக்கு அவர் இட்ட பெயர் லிட்ராகான்.

அதில் மந்திரம் ஒன்றுமில்லை. அச்சில் மெல்லிய படலமாகச் சிமென்ட் கலவை, அதன்மேல் தலைமுடிபோல் வரிசையாக ஒளியிழைகள், மறுபடி கலவை. இறுகியதும் குறுக்கே அறுத்து முகத்தைத் தேய்த்தால், ஆயிரக்கணக்கான இழை முனைகள் இரு பக்கமும் தெரியும். மொத்தக் கன அளவில் இழை சுமார் 4 விழுக்காடுதான். அதனால் கல்லின் வலு பெரிதாகக் குறைவதில்லை. ஜல்லி சேர்க்கமாட்டார்கள், இழையை நசுக்கிவிடும். சிமென்ட்டின் காரம் சாதாரணக் கண்ணாடி இழையை அரிக்கும் என்பதால், பிளாஸ்டிக் இழையைப் பயன்படுத்துவோரும் உண்டு.

இழைக்குள் நுழைந்த ஒளி பக்கச் சுவரில் முழுமையாக எதிரொளித்துக்கொண்டே மறுமுனைக்குப் போய்ச் சேரும். இத்தகைய இழைக் கற்றை வழியே படத்தையே கடத்தலாம் என்று 1954இல் ஹெரால்டு ஹாப்கின்ஸுடன் சேர்ந்து எழுதியவர், பஞ்சாபின் மோகாவில் பிறந்த நரிந்தர் சிங் கபானி. இந்தச் சுவரிலும் அப்படித்தான்: அந்தப் பக்கம் ஆள் நடந்தால் இந்தப் பக்கம் நிழல் நடக்கும். குளியலறைக்கு இது தோதுப்படாது.

சரி, நம்மூர் வெயிலுக்கு? இங்கேதான் எனக்குச் சந்தேகம். சுவரின் குறுக்கே கிடையாகப் பதிந்த பிளாஸ்டிக் ஒளியிழை தன் நீள அச்சிலிருந்து ஏறக்குறைய 30 டிகிரிக்குள் வரும் ஒளியைத்தான் உள்ளே ஏற்கும். லொஷோன்சியின் ஊரான சோங்கிராதில் டிசம்பர் நண்பகல் சூரியன் அடிவானத்திலிருந்து 20 டிகிரி உயரத்தில்தான் நிற்கிறது. தெற்குச் சுவருக்குள் நேராகப் பாயும். திருநெல்வேலியிலோ அதே டிசம்பரில் 58 டிகிரி. ஏப்ரலிலும் ஆகஸ்டிலும் உச்சந்தலைக்கு மேல். நண்பகல் வெயில் சுவரை உரசிக்கொண்டு இறங்கும், இழைக்குள் புகாது. கிழக்குச் சுவரில் காலையிலும் மேற்குச் சுவரில் மாலையிலும் மட்டும் நன்றாக வேலை செய்யும்.

ஓட்டு வீடுகளில் நடுவே ஒரு கண்ணாடி ஓடு போட்ட நம் ஆட்கள் வெளிச்சத்தைக் கூரையில் தேடியது இதனால்தான் போலும். லிட்ராகானையும் இங்கே கூரைத் தளத்தில் பதித்தால் பலன் கூடும். ஆனால் விலையைக் கேட்டால், இப்போதைக்குக் கண்ணாடி ஓடே போதும் என்றுதான் வீடு கட்டுபவர் சொல்வார்.