நாளை முடியுமாம் உலகம்!

கண்ணமங்கலத்தில் குழித்தறியில் உட்கார்ந்து மிதித்துக்கொண்டிருக்கும் தோழர் ஒருவரிடம் போய், "நாளை மறுநாள் உலகம் அழியப் போகிறதாம்!" என்று சொல்லிப் பாருங்கள். நாடாவை நிறுத்தமாட்டார். நிமிர்ந்துகூடப் பார்க்கமாட்டார். "அப்படியா! பாவில் இன்னும் இரண்டு சேலை பாக்கி இருக்கிறதே, அதற்குக் கூலி யார் தருவது?" என்று கேட்பார். பக்கத்துத் தறிக்காரர் சிரிப்பார். தார் சுற்றிக்கொண்டிருக்கும் அம்மையார், "அழிகிறதுதான் அழிகிறது, கடனையும் சேர்த்துக்கொண்டு அழியட்டும்" என்பார். அத்தோடு முடிந்தது உலக முடிவு!

இது சாதாரணச் சிரிப்பல்ல, தோழர்களே! உயிர் காக்கும் சிரிப்பு. அந்தச் சிரிப்பு எழாத வீடுகளில், எழவிடாத கூடங்களில் என்ன நடந்தது என்று எண்ணினால் நெஞ்சு நடுங்குகிறது.

மதனப்பள்ளியில் ஒரு வீடு

எங்கோ கடல் கடந்த கதையைச் சொல்லித் தொடங்கவில்லை. கண்ணமங்கலத்திலிருந்து வேலூர், வேலூரிலிருந்து சித்தூர், அதையும் தாண்டிப் போனால் ஆந்திரத்து மதனப்பள்ளி. தக்காளிச் சந்தைக்குப் பேர்போன ஊர். நம்மைப் போலப் பட்டு நெய்வோரும் வாழும் ஊர். அந்த ஊரிலே, 2021 ஜனவரி 24, ஞாயிற்றுக்கிழமை இரவு, ஒரு வீட்டில் தாயும் தந்தையும் தாங்கள் பெற்று, வளர்த்து, படிக்க வைத்த இரண்டு பெண்களையும் கொன்றார்கள்.

ஏன்? சொத்துத் தகராறா? இல்லை. பகையா? இல்லை. கலியுகம் ஞாயிறோடு முடிகிறதாம். திங்கட்கிழமை சத்திய யுகம் பிறக்கிறதாம். பெண்கள் இருவரும் உயிரோடு எழுந்து வருவார்களாம்! அப்படித்தான் அவர்கள் சொன்னார்கள் என்று போலீசார் தெரிவித்தனர்.

திங்கட்கிழமை வந்தது. கதிரவன் எழுந்தான். பெண்கள் எழவில்லை.

படிப்பில்லாதவர்கள், அதனால்தான் என்று சொல்லித் தப்பிக்க முடியாது. பெற்றோர் இருவருமே முதுகலை படித்தவர்கள். கல்வித் துறையிலே பணியாற்றியவர்கள். பிறகு அவர்கள் மனநல மருத்துவமனைக்கு அனுப்பப்பட்டார்கள். நோய் என்றால் மருத்துவர் வேண்டும், மறுப்பவர் யார்? ஆனால் நோய் தானாகக் 'கலியுகம்' என்ற சொல்லைக் கண்டுபிடிக்கவில்லை. நாளும் கிழமையும் குறித்து யுகம் புரளும் என்ற பேச்சு நாட்டிலே முன்பே உலவிக்கொண்டிருந்தது. நோய் அந்தப் பேச்சை எடுத்துக் கையிலே ஆயுதமாகப் பிடித்துக்கொண்டது.

எட்டுக் கிரகங்கள் கூடின!

அப்படியானால், உலக முடிவுப் பேச்சு எழுந்த இடமெல்லாம் கொலை விழுந்ததா? இல்லையே!

1962 பிப்ரவரியை நினைத்துப் பாருங்கள். நினைவில்லாத இளைஞர்கள் வீட்டுப் பெரியவர்களைக் கேளுங்கள். சூரியன், சந்திரன், செவ்வாய், புதன், குரு, சுக்கிரன், சனி, கேது ஆகிய எட்டும் மகர ராசியிலே கூடுகின்றன, 3-ஆம் தேதியிலிருந்து 5-ஆம் தேதிக்குள் பேரழிவு வரும் என்று ஜோசியர்கள் சொன்னார்கள். நாடு முழுவதும் பீதி! ஊர் ஊராக யாகம். குழந்தைக்கு ஊற்ற நெய்யில்லாத நாட்டில் குண்டத்துக்குக் குடம் குடமாக நெய். பிரதமர் நேரு நகைத்தார். தை அமாவாசை வந்தது, போயிற்று. கிரகங்கள் தம் வழியே போயின. அதே மாதத்தில் பொதுத்தேர்தலும் நடந்தது. அழிந்துபோயிருக்க வேண்டிய மக்கள் வரிசையில் நின்று வாக்களித்தார்கள்!

கோடிக்கணக்கானோர் பயந்தார்கள், ரத்தக்களரி இல்லை. மதனப்பள்ளியில் ஒரே ஒரு வீட்டார் நம்பினார்கள். இரண்டு உயிர் போயிற்று. ஏன் இந்த வேறுபாடு?

1962-ல் பயந்தவன் தெருவில் இருந்தான். டீக்கடையில் ஒருவன் பயமுறுத்தினால் இன்னொருவன் கேலி செய்தான். மனைவி கேட்டாள், மாமன் மறுத்தான், பத்திரிகை நையாண்டி செய்தது. கதவு திறந்திருந்தது. 2021-ல் கதவு மூடியிருந்தது. மறுத்துப் பேச உள்ளே ஆளில்லை.

நம்பிக்கை மட்டும் கத்தி எடுப்பதில்லை, தோழர்களே! கேள்வி கேட்க முடியாத ஒரே வாய், வெளியேற முடியாத கதவு, குறித்து வைத்த நாள் ஆகிய மூன்றும் சேரும்போதுதான் எடுக்கிறது.

ஒரே வாய்

ஜப்பானிலே ஓம் ஷின்ரிக்கியோ என்றொரு கூட்டம். 1984-ல் யோகப் பள்ளியாகத் தொடங்கியது. தலைவர் ஷோகோ அசஹாரா. உலகப் பெரும்போர் வருகிறது, நம்மவர் மட்டும் பிழைப்போம் என்றார். சீடர்களில் விஞ்ஞானம் படித்தவர்கள் உண்டு, மருத்துவர்கள் உண்டு. 1990-ல் தேர்தலில் நின்றார்கள், ஒருவரும் வெல்லவில்லை. உலகம் தானாக அழியவில்லை என்றதும், அழிவைத் தாமே செய்து கொடுக்கப் புறப்பட்டார்கள்! 1995 மார்ச் 20 காலை, டோக்கியோ சுரங்க ரயிலிலே சரின் என்னும் நச்சுவாயுவைக் கசியவிட்டார்கள். வேலைக்குப் போய்க்கொண்டிருந்தவர்களில் பதின்மூன்று பேருக்கும் குறையாமல் மாண்டனர், ஆயிரக்கணக்கானோர் பாதிக்கப்பட்டனர். படிப்பு இருந்தது. தலைவரைப் பார்த்து 'ஏன்?' என்று கேட்கும் துணிவு இல்லை.

அதே மதனப்பள்ளியிலே 1895-ல் பிறந்தவர் ஜே. கிருஷ்ணமூர்த்தி. சிறுவனாக இருந்தபோதே 'உலக குரு இவர்தான்' என்று தியாசபிகாரர்கள் தூக்கி வைத்தார்கள். அவருக்காகவே ஒரு சங்கம், உலகெங்கும் அடியார்கள், நிலம், பணம், மாளிகை! 1929-ல் அவரே எழுந்து நின்று, எனக்குச் சீடர்கள் வேண்டாம் என்று அந்தச் சங்கத்தைக் கலைத்துவிட்டார். ஒரே வாயாக இருக்க மறுத்தவர் அவர். அப்படி மறுப்பவர் ஆயிரத்தில் ஒருவர் என்பதுதான் துயரம்!

பூட்டிய கதவு

ஜிம் ஜோன்ஸ் என்ற அமெரிக்கப் போதகர், ஏழைகளையும் கறுப்பின மக்களையும் திரட்டினார். சமத்துவம் பேசினார், சோறு போட்டார். அதனால்தான் சேர்ந்தார்கள், இதை மறக்கக் கூடாது. பிறகு தென் அமெரிக்கக் கயானாக் காட்டுக்கு அழைத்துப்போய்க் குடியேற்றினார். 1978 நவம்பரில் அமெரிக்கப் பாராளுமன்ற உறுப்பினர் லியோ ரயன் விசாரிக்க வந்தார். சிலர், "எங்களையும் அழைத்துப் போங்கள்" என்றார்கள். அதுதான் பொறுக்கவில்லை! 18-ஆம் தேதி ரயனை விமானத் தளத்திலே சுட்டுக் கொன்றார்கள். அன்று மாலையே நஞ்சு கலந்த பானம். அந்த ஒரே நாளில் மாண்டவர் 918 பேர். அவர்களில் சுமார் 300 பேர் குழந்தைகள். குழந்தையா விரும்பிக் குடித்தது? இதைத் 'தற்கொலை' என்று எழுதுகிறார்களே!

கென்யாவிலே ஷகஹோலாக் காடு. பட்டினி கிடந்தால் உலகம் முடியுமுன் ஏசுவைக் காணலாம் என்று ஒரு போதகர் சொன்னதைக் கேட்டுச் சென்றவர்களின் உடல்களை 2023-ல் தோண்டத் தொடங்கினார்கள். நானூறுக்கும் மேல்!

குறித்த நாள்

உகாண்டாவில் கனுங்கு. பத்துக் கட்டளைகளை மீட்பதாகச் சொன்ன இயக்கம், 1999 டிசம்பர் 31-ல் உலகம் முடியும் என்றது. சொத்தை விற்றுக் கொடுத்துவிட்டு வந்து காத்திருந்தார்கள். ஜனவரி பிறந்தது. கொடுத்தவர்கள் கேள்வி கேட்கத் தொடங்கினார்கள் என்று செய்திகள் கூறின. 2000 மார்ச் 17 அன்று கோயிலுக்குள் அடைபட்டவர்கள் நூற்றுக்கணக்கில் தீயில் மாண்டனர். பிறகு தோண்டத் தோண்டப் பிணக்குழிகள்.

பொய்த்துப்போன நாள்தான் மிக ஆபத்தான நாள். அன்று தலைவனுக்கு இரண்டே வழி: தலைகுனிவது, அல்லது சாட்சிகளை அழிப்பது.

நம் நாட்டு மற்றொரு பக்கம்

இவ்வளவும் சொல்லிவிட்டு, யுகம் மாறும் என்று பேசியவரெல்லாம் கொலைகாரர் என்று எழுதினால் அது நேர்மையல்ல.

கன்னியாகுமரிக்கு அருகே சாமித்தோப்பு. அன்று திருவிதாங்கூர் ராஜ்யம். தலைக்கு வரி, கூலியில்லா ஊழியம்; தோளிலே துண்டு போடக் கூடாது, பெண்கள் மேலாடை அணியக் கூடாது. அந்த மண்ணில் அய்யா வைகுண்டர், 1833-ல் திருச்செந்தூர்க் கடலிலிருந்து வெளிவந்து, கலி அழியும், தருமயுகம் பிறக்கும் என்றார். அவதாரக் கதையை நாம் ஏற்க வேண்டியதில்லை. செய்த செயலைப் பார்ப்போம். ஆயுதம் எடு என்றாரா? பொறுமை என்றார். குனிந்து நின்றவர்களுக்குத் தலைப்பாகை கட்டி நிமிர்ந்து நில் என்றார். ஒரே கிணற்றில் நீர் எடுத்து, ஒன்றாக உண்ணச் சொன்னார். நாள் குறித்து யாரையும் பூட்டி வைக்கவில்லை. வன்முறை எங்கிருந்து வந்தது? அரண்மனையிலிருந்து! பிடித்துக்கொண்டு போய்த் திருவனந்தபுரம் சிங்காரத்தோப்பிலே சிறை வைத்தார்கள்.

சோட்டா நாகபுரியிலே பிர்சா முண்டா. 1895-ல் அவரும் அழிவு வரும் என்றுதான் சொன்னார், மலைமக்கள் திரண்டார்கள். 1899 இறுதியில் வில்லும் அம்பும் எடுத்தார்கள். ஆனால் அதற்கு முன்பே அவர்கள் நிலம் பறிபோயிருந்தது என்பதையும் சொல்ல வேண்டும். 1900 ஜனவரியில் டோம்பாரி மலையிலே வெள்ளையர் துப்பாக்கி பேசியது; ஜூன் 9 அன்று ராஞ்சிச் சிறையில் பிர்சா இறந்தார். 1908-ல் நிலக் குத்தகைச் சட்டம் வந்தது. அந்தச் சட்டம் முன்பே வந்திருந்தால்?

ஆக, துன்பம் தாங்காதவன்தான் யுகமுடிவை நாடுகிறான். அவனை நிமிர்த்துகிறவன் கையில் சிக்கினால் சாமித்தோப்பு. பூட்டுகிறவன் கையில் சிக்கினால் கயானாக் காடு.

நாம் செய்யும் தவறு

நம் தோழர்களிடமும் ஒரு குறை உண்டு. சொன்னால் கோபிக்கக் கூடாது. இப்படி ஒரு கூட்டம் ஊருக்குள் வந்தால், மேடை போட்டு, "மூடர்களே!" என்று ஏசிவிட்டு வருகிறோம். கைதட்டல் கிடைக்கிறது. ஏச்சுக்கு ஆளானவனோ வீட்டுக்குப் போய்க் கதவைத் தாழிடுகிறான். 'ஊர் நம்மைப் பகைக்கும் என்று குரு சொன்னாரே, சரியாகிவிட்டது பார்' என்கிறான். நம் வசவே அவன் குருவுக்குச் சாட்சியாகிவிடுகிறது!

கேலி தத்துவத்தின் மீது இருக்கட்டும். ஆளின் மீது வேண்டாம். கவனிக்க வேண்டியது வேறு. பக்கத்துத் தறி காரணமில்லாமல் நின்றுவிட்டதா? பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பாமல் நிறுத்திவிட்டார்களா? மருந்தை நிறுத்தச் சொல்லியிருக்கிறார்களா? உறவினரோடு பேச்சை வெட்டச் சொல்லியிருக்கிறார்களா? வீட்டையும் நகையையும் விற்கச் சொல்லியிருக்கிறார்களா? நாள் குறித்திருக்கிறார்களா? இவற்றில் ஒன்றைக் கண்டாலும் போய்க் கதவைத் தட்டுங்கள். விவாதத்துக்கு அல்ல, ஒரு வாய் காப்பி குடிக்க. மறுநாளும் போங்கள். குழந்தைகளுக்கு ஆபத்து என்று தோன்றினால் தயங்காமல் போலீசுக்கும் மருத்துவருக்கும் சொல்லுங்கள். மதனப்பள்ளிக் கதவைப் போல மூடிய கதவு நம் தெருவிலும் இருக்கக்கூடும்.

தறிக்காரருக்கு இதை விளக்கவா வேண்டும்? ஒரு பாவு முடிகிறது. முடிந்துவிட்டதே என்று தறியைக் கொளுத்துகிறோமா? பழைய பாவின் நுனியிலே புதுப் பாவை இழை இழையாகப் பிணைக்கிறோம். கண் வலிக்கும், முதுகு நோகும், ஓர் இழை விட்டாலும் சேலையில் தெரியும். புது யுகமும் அப்படித்தான் வரும். பூட்டிய அறையில் ஒரே இரவில் வராது.

போய்க் கதவைத் தட்டுங்கள், தோழர்களே!