குடோன் வேலைக்குப் போகும் பிள்ளைகளும் பெற்றோரும் தெரிந்துகொள்ள வேண்டியவை



ஃபஜ்ரு தொழுதுவிட்டுப் பள்ளிவாசலிலிருந்து வெளியே வந்தால், மெயின் ரோட்டில் நம் மஹல்லாப் பிள்ளைகள் கம்பெனி வேனுக்குக் காத்து நிற்பதைப் பார்க்கலாம். ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், மண்ணூர், மப்பேடு என்று எந்தப் பக்கம் போனாலும் குடோன்கள். பத்தாவதோ பன்னிரண்டாவதோ முடித்த கையோடு கிளம்பிவிடுகிறார்கள். பிள்ளைக்கு வேலை கிடைத்துவிட்டது என்று நாமும் நிம்மதியாக இருந்துவிடுகிறோம்.

சென்ற மாதம் ஒரு தம்பி மருத்துவ உதவி கேட்டு நம் டிரஸ்ட் அலுவலகத்துக்கு வந்தார். வயது 27. ஆறு வருடமாக ஒரே குடோனில் லோடிங், அன்லோடிங். முதுகில் டிஸ்க் விலகிவிட்டது, இனி எடை தூக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். காண்ட்ராக்டரோ, "உடம்பு சரியானதும் வா" என்று அனுப்பிவிட்டார். "வேற என்ன வேலை தெரியும் தம்பி?" என்று கேட்டேன். "ஸ்கேனர் கொஞ்சம் தெரியும் மாமா. ஆனா கையில பேப்பர் எதுவும் இல்ல" என்றார்.

அவரோடு அதே நாளில் அதே வேனில் ஏறிய பக்கத்துத் தெருப் பையன் இன்று அதே குடோனில் ஸ்டாக் கணக்குப் பார்க்கிறார். இருவரும் பத்தாவதுதான் படித்தவர்கள். இரண்டாமவர் முதல் வருடத்திலேயே, லாரி வராத நேரங்களில் ஸ்டாக் எடுப்பவர் பின்னால் போய் நின்று கேட்டுக் கேட்டுக் கற்றுக்கொண்டார். கம்பெனி பயிற்சிக்கு ஆள் கேட்டபோது தயங்காமல் பெயர் கொடுத்தார். இவ்வளவுதான் இருவருக்கும் உள்ள வித்தியாசம். அதைத்தான் இந்த இதழில் கொஞ்சம் விளக்கமாக எழுதுகிறேன்.

ஏன் இவ்வளவு பெரிய குடோன்கள்?

முன்பெல்லாம் ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்குச் சரக்கு விற்றால் மத்திய விற்பனை வரி கட்ட வேண்டும். அதைத் தவிர்க்க, கம்பெனிகள் ஒவ்வொரு மாநிலத்திலும் ஒரு சின்ன டிப்போ வைத்திருந்தன. ஒரு மேனேஜர், ஒரு கணக்குப்பிள்ளை, நாலு சுமை தூக்குபவர்கள், அவ்வளவுதான். 2017 ஜூலை 1 முதல் ஜிஎஸ்டி வந்ததும் அந்தக் காரணம் போய்விட்டது. பல டிப்போக்களை மூடிவிட்டு, நெடுஞ்சாலை ஓரத்தில் ஒரே பெரிய குடோனாகக் கட்டினார்கள். ஆன்லைன் வியாபாரமும் சேர்ந்துகொண்டது. மப்பேட்டில் வரவிருக்கும் பெரிய சரக்குப் பூங்காவுக்கு 2022 மே மாதம் அடிக்கல் நாட்டினார்கள்.

பெரிய குடோனில் ஆயிரக்கணக்கான வகைச் சரக்கு இருக்கும். எது எங்கே இருக்கிறது என்பதை எந்த மனிதரும் நினைவில் வைத்திருக்க முடியாது. கம்ப்யூட்டர்தான் வைத்திருக்கும். ஆகவே, கம்ப்யூட்டர் சொல்வதைப் படித்து, சரியாகச் செய்து, மறுபடி அதில் பதியத் தெரிந்தவருக்கு அங்கே மதிப்பு. தோள் பலம் மட்டும் உள்ளவருக்கு ஒரு வயது வரைக்கும்தான் வேலை.

உள்ளே என்ன நடக்கிறது?

லாரி வந்ததும் சரக்கை இறக்கி, இன்வாய்ஸோடு ஒப்பிட்டு எண்ணி வாங்குவார்கள். அடுத்து ரேக்கில் வைப்பார்கள். ஆர்டர் வந்தால் எடுப்பார்கள், இதற்குப் பிக்கிங் என்று பெயர். பிறகு பேக்கிங், கடைசியாக டிஸ்பாட்ச்.

புதிதாகச் சேர்பவர் முதலில் கற்க வேண்டியது ரேக் விலாசம் படிப்பது. "பி-07-03-2" என்று இருந்தால், பி வரிசை, 7-வது கட்டம், 3-வது தட்டு, 2-வது இடம் என்று பொருள். நம் வீட்டு விலாசத்தில் தெரு, கதவு எண், மாடி என்று இருப்பதைப் போலத்தான். குடோனுக்குக் குடோன் எழுதும் முறை கொஞ்சம் மாறும், அடிப்படை மாறாது.

அடுத்தது அளவு. ஸ்கேனரில் "2" என்று வருகிறது. இரண்டு பெட்டியா, பெட்டிக்குள் இருக்கும் இரண்டு பாட்டிலா? பெட்டிக்கு 24 பாட்டில் என்றால் இதில் தவறுபவர் 48 அனுப்ப வேண்டிய இடத்தில் 2 அனுப்பிவிடுவார். புதியவர்கள் அதிகம் திட்டு வாங்குவது இந்த இடத்தில்தான்.

மூன்றாவது, எதை முதலில் அனுப்புவது. சாதாரணச் சரக்கில் முதலில் வந்தது முதலில் போகும். மருந்து, உணவுப் பொருளில் அப்படிச் செய்யக் கூடாது. நேற்று வந்த மருந்துக்கு மார்ச்சில் எக்ஸ்பைரி, போன மாதம் வந்ததற்கு ஜூனில் எக்ஸ்பைரி என்றால், நேற்று வந்ததுதான் முதலில் போக வேண்டும். இது புரியாமல் வேலை பார்த்தால், காலாவதியான மருந்து ரேக்கிலேயே தங்கிவிடும்.

கணக்கு எடுப்பவரின் வேலை

கம்ப்யூட்டரில் ஒரு சோப்பு 120 பெட்டி இருப்பதாகக் காட்டுகிறது. ரேக்கில் எண்ணினால் 114. ஆறு பெட்டி எங்கே? அனுபவம் இல்லாதவர் திருட்டு என்று சொல்லிவிடுவார். கற்றவர் ஒவ்வொன்றாகப் பார்ப்பார். பக்கத்துத் தட்டில் தவறி வைத்துவிட்டார்களா? பார்சல் கட்டியும் டிஸ்பாட்ச்சில் பதியாமல் நிற்கிறதா? உடைந்த சரக்கு என்று தனியாக வைத்திருக்கிறார்களா? வாங்கும்போதே 114-ஐ 120 என்று பதிந்துவிட்டார்களா? வாங்கிய சீட்டு வரைக்கும் பின்னோக்கிப் போய்க் கண்டுபிடித்து எழுதி வைப்பார்.

இதற்குப் பெரிய படிப்பு தேவையில்லை. பொறுமையும் நேர்மையும், கொஞ்சம் கம்ப்யூட்டரும் வேண்டும். ஊரார் சரக்கு அமானிதமாக நம் கையில் இருக்கிறது என்ற எண்ணம் உள்ளவருக்கு இந்த வேலை நன்றாக வரும். இதிலிருந்துதான் ஷிப்ட் சூப்பர்வைசர் ஆகிறார்கள்.

டிஸ்பாட்ச் பக்கம் போக விரும்புபவர் இ-வே பில் போடக் கற்க வேண்டும். வெளி மாநிலத்துக்குப் போகும் சரக்கு 50,000 ரூபாயைத் தாண்டினால் அது வேண்டும். தமிழ்நாட்டுக்குள்ளேயே போவதற்கு 1 லட்சம் ரூபாய் வரை விலக்கு உண்டு. வண்டி எண்ணில் ஒரு எழுத்து தவறினாலும் வழியில் வண்டியை நிறுத்திவிடுவார்கள். தட்டச்சு நன்றாக வரும் பிள்ளைகளுக்கு, குறிப்பாகப் பெண் பிள்ளைகளுக்கு, இது ஏற்ற வேலை.

ஃபோர்க்லிஃப்ட் ஓட்ட ஆசைப்படுபவர்களுக்கு

வாலிபர்கள் அதிகம் கேட்பது இதைத்தான். பயிற்சி பெற்ற ஆபரேட்டருக்குத் தேவையும் இருக்கிறது. ஆனால் இதைக் கார் ஓட்டுவதோடு ஒப்பிடக் கூடாது. ஃபோர்க்லிஃப்ட் ஒரு தராசு போன்றது. முன் சக்கரம்தான் நடு முள். ஒரு பக்கம் சரக்கு, மறுபக்கம் வண்டியின் பின்பாரம். சரக்கு முன்னால் தள்ளிப் போனாலோ உயரத்தில் தூக்கியபடி திரும்பினாலோ வண்டி சாய்ந்துவிடும்.

முறையான பயிற்சியில் இவற்றைச் சொல்லித் தருவார்கள்: ஓடும்போது ஃபோர்க் தரையிலிருந்து சுமார் 15 சென்டிமீட்டர் உயரத்தில்தான் இருக்க வேண்டும். சரிவில் ஏறினாலும் இறங்கினாலும் சரக்கு மேட்டுப் பக்கம் இருக்க வேண்டும். ஃபோர்க்கில் ஆளை ஏற்றக் கூடாது. இருக்கையும் பெல்ட்டும் உள்ள ஃபோர்க்லிஃப்ட் சாய்ந்தால் வெளியே குதிக்கக் கூடாது. இருக்கையிலேயே இறுக்கிப் பிடித்துக்கொண்டு இருக்க வேண்டும். குதிப்பவர் மேல்தான் வண்டி விழும்.

பயிற்சி எங்கே கிடைக்கும்?

சரக்குத் துறையில் ஒவ்வொரு வேலைக்கும் என்ன திறன் வேண்டும் என்று பாடத்திட்டம் வகுக்கும் லாஜிஸ்டிக்ஸ் செக்டார் ஸ்கில் கவுன்சிலின் தலைமையகம் நம் சென்னையில்தான் இருக்கிறது. அதன் பாடத்திட்டப்படி, பிரதான் மந்திரி கௌஷல் விகாஸ் யோஜனா போன்ற அரசுத் திட்டங்களின் கீழ் அங்கீகாரம் பெற்ற மையங்கள் நடத்தும் பயிற்சி இலவசம். மாநில அரசின் தமிழ்நாடு திறன் மேம்பாட்டுக் கழகமும் இலவசக் குறுகிய காலப் பயிற்சிகள் நடத்துகிறது. 2022-ல் தொடங்கிய நான் முதல்வன் திட்டமும் அதன் பொறுப்பில்தான் நடக்கிறது. கிராமப்புற ஏழைக் குடும்பத்துப் பிள்ளைகளுக்குத் தீன் தயாள் உபாத்யாயா திட்டத்தில் தங்கிப் படிக்கும் வசதியும் உண்டு.

ஏற்கெனவே வேலை தெரிந்தவர் முதலிலிருந்து படிக்க வேண்டியதில்லை. முன் அனுபவத்தைச் சோதித்துச் சான்றிதழ் தரும் முறை இருக்கிறது. நம் தம்பி ஆறு வருடத்தில் ஒருமுறை இதைச் செய்திருந்தால், "பேப்பர் இல்ல" என்று சொல்ல வேண்டி வந்திருக்காது.

கம்பெனியிலேயே அப்ரெண்டிஸாகச் சேர்வது இன்னொரு வழி. மாத உதவித்தொகை உண்டு. ஆனால் அந்தக் காலத்துக்குப் பிஎஃப் கிடையாது, முடிந்ததும் நிரந்தரமாக எடுத்துக்கொள்ள வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. சேரும் முன்பே ஒப்பந்தத்தைப் படித்து, எத்தனை மாதம், முடிவில் என்ன சான்று என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

சான்றிதழ் விற்பவர்களிடம் கவனம்

நம் மஹல்லாவில் ஒரு தாய் நகையை அடகு வைத்து 12,000 ரூபாய் கட்டி, மகனுக்கு இரண்டே நாளில் ஃபோர்க்லிஃப்ட் சான்றிதழ் வாங்கித் தந்தார். கம்பெனியில் ஓட்டிக் காட்டச் சொன்னார்கள். பையன் அதுவரை ஸ்டியரிங்கைத் தொட்டதே இல்லை. பணமும் போயிற்று, பையனுக்கு அவமானமும் ஆயிற்று.

பணம் கட்டும் முன் நான்கு கேள்வி கேளுங்கள். இதே பயிற்சி அரசுத் திட்டத்தில் இலவசமாகக் கிடைக்கிறதா? எத்தனை மணி நேரம் வண்டியைக் கையில் தருவார்கள்? தேர்வு வைப்பது வேறு அமைப்பா, அல்லது பாடம் நடத்துபவரே சான்றும் எழுதித் தருகிறாரா? சான்றிதழில் உள்ள கியூஆர் கோடைச் செல்போனில் வைத்தால் பெயரும் விவரமும் வருகிறதா? ஒன்றுக்காவது தெளிவான பதில் வராவிட்டால் எழுந்து வந்துவிடுங்கள்.

சம்பளச் சீட்டைப் படிப்பதும் ஒரு திறன்தான்

முதுகுவலியோடு வந்த தம்பியிடம் சம்பளச் சீட்டைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். மாதாமாதம் இஎஸ்ஐ பிடித்திருக்கிறார்கள். ஆறு வருடமாகத் தன் பணம் போவது அவருக்கே தெரியவில்லை. மாதச் சம்பளம் 21,000 ரூபாய் வரை உள்ளவர்களுக்கு இஎஸ்ஐ உண்டு. தொழிலாளி பங்கு 0.75 சதவீதம், முதலாளி பங்கு 3.25 சதவீதம். தொழிலாளிக்கும் அவர் குடும்பத்துக்கும் மருத்துவம் இலவசம். நோயால் வேலைக்குப் போக முடியாவிட்டால், தேவையான நாட்களுக்குச் சந்தா கட்டியிருந்தால், வருடத்துக்கு 91 நாள் வரை சம்பளத்தில் 70 சதவீதம் கிடைக்கும். வேலையில் விபத்து என்றால் 90 சதவீதம். தனியார் ஆஸ்பத்திரிக்கு வட்டிக்கு வாங்கிச் செலவழித்தவர், தன் உரிமை எது என்று தெரியாமல் நம்மிடம் உதவி கேட்டு வந்திருக்கிறார்.

பிஎஃப் பணம் உங்கள் கணக்கில் ஏறுகிறதா என்று உமங் செயலியில் மாதம் ஒருமுறை பாருங்கள். வேறு காண்ட்ராக்டரிடம் மாறினாலும் யுஏஎன் எண் ஒன்றுதான். புது எண் வாங்கித் தருகிறேன் என்றால் ஒப்புக்கொள்ளாதீர்கள். காண்ட்ராக்டர் சம்பளம் தராமல் போனால், அதைக் கொடுக்கும் பொறுப்பு அந்தக் கம்பெனிக்கு உண்டு என்பதையும் நினைவில் வையுங்கள்.

ஜுமுஆவைப் பற்றி ஒரு வார்த்தை. சேர்ந்த பிறகு வெள்ளிக்கிழமைதோறும் சூப்பர்வைசரோடு சண்டை போடுவதைவிட, சேரும் நாளிலேயே சொல்லி, ஷிப்டையோ சாப்பாட்டு நேரத்தையோ மாற்றிக் கேட்பது நல்லது. வேலையில் சுத்தமாக இருப்பவர் கேட்டால் பெரும்பாலும் விட்டுக்கொடுக்கிறார்கள்.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள்

பையன் முதல் சம்பளம் கொண்டுவந்ததும் நாம் தொகையை மட்டும் கேட்கிறோம். இனி, "இந்த மாசம் புதுசா என்ன கத்துக்கிட்டே?" என்றும் அத்தாவும் அம்மாவும் கேளுங்கள். ஒரு வருடம் ஆகியும் பதில் "லோடு ஏத்தினேன், இறக்கினேன்" என்பதாகவே இருந்தால், கவலைப்பட வேண்டிய நேரம் வந்துவிட்டது என்று அர்த்தம். சுமை தூக்கும் வேலையில் குறை ஒன்றும் இல்லை, அது ஹலாலான உழைப்பு. ஆனால் உடம்பு என்றைக்கும் இருபது வயதிலேயே இருக்காது.

அந்தத் தம்பியை இஎஸ்ஐ மருத்துவமனைக்கு அனுப்பியிருக்கிறோம். உடம்பு தேறியதும் முன் அனுபவத் தேர்வுக்குப் பெயர் கொடுக்கச் சொல்லியிருக்கிறோம். ஞாயிறுதோறும் அஸர் தொழுகைக்குப் பிறகு டிரஸ்ட் அலுவலகத்தில் இருப்பேன். ஆதார், மதிப்பெண் பட்டியல், வேலையில் இருப்பவர்கள் கடைசி மூன்று மாதச் சம்பளச் சீட்டு ஆகியவற்றோடு வாருங்கள். எந்தப் பயிற்சி பொருந்தும், எந்தத் திட்டத்தில் சேரலாம் என்று உட்கார்ந்து பார்ப்போம். பயிற்சிக்குப் போய்வரும் பஸ் செலவுக்குக் கஷ்டப்படுபவர்களுக்கு வட்டியில்லாக் கடனாக உதவவும் டிரஸ்ட் முடிவு செய்திருக்கிறது, இன்ஷா அல்லாஹ்.

நம் பிள்ளைகளின் உழைப்பிலும் உடல்நலத்திலும் அல்லாஹ் பரக்கத் செய்வானாக. ஆமீன்.

வஸ்ஸலாம்,
செயலாளர்